கெடா தோட்டப்புறமும் சோடாப் போத்தலும்

தோட்டப்புறத் தமிழரின் பான வரலாற்றை நாம் இதுகாறும் பெரும்பாலும் கள்ளைக் கொண்டே எழுதி வந்துள்ளோம். அதற்குக் காரணம் உண்டு. கெடாவில் பீடோங் வட்டாரத்து ஹார்வர்ட் தோட்டத்தைச் சார்ந்த ஏ. எம். சாமியின் தலைமையில் தொண்டர் படை கள்ளுக்கடைகளை எதிர்த்துக் கிளர்ந்தது. 1947இல் அது ஒடுக்கப்பட்டது. போராட்டம் ஆவணமாயிற்று.

போராட்டத்திற்கு இடந்தராத இன்சுவைச் சோடாவோ ஆய்வாளர் கவனத்தை அவ்வளவாகப் பெறவில்லை. சிங்கப்பூரில் அச்சகம் நடத்திய ஜான் பிரேசரும் டேவிட் நீவும் 1883இல் சோடா நிறுவனம் ஒன்றைத் தொடங்கினர். 1898இல் அது ‘பிரேசர் அண்ட் நீவ்’ எனும் பெயரில் நிலைபெற்றது. பின்னாளில் அதன் ஆரஞ்சும் சர்சியும் சுங்கைப்பட்டாணி, கூலிம் போன்ற நகர்க் கடைகளிலிருந்து தோட்ட வீடுகளை எட்டின. கள் பெரும்பாலும் உழைத்துக் களைத்த ஆடவரின் பானம். சோடாவோ தீபாவளி நாளில் பெண்டிரும் சிறுவரும் விருந்தினரோடு பகிர்ந்த பானம்.

கள்ளை மட்டும் கொண்டு எழுதப்படும் வரலாற்றில் துயரம் எஞ்சும். இல்லத்து மகிழ்ச்சி மறைந்துபோகும். இரப்பர்த் தோட்டங்கள் பல செம்பனைக்கும் வீடமைப்புக்கும் இடமளித்துவிட்டன. ஆதலின், மூத்த பெண்டிரின் நினைவுகளைத் தமிழாசிரியர்கள் தம் மாணவரைக் கொண்டு இன்றே பதிவுசெய்தல் வேண்டும் என்பது நம் கருத்து.