கோலார் தங்கவயலில் வன்முறை: நிகழ்ச்சிகளும் பெயரீடும்

1. முன்னுரை

சமுதாயத்திலும் அரசியலிலும் காணப்படும் வன்முறையை ஆராய்ந்த அறிஞர்கள், எதனை வன்முறை எனக் கொள்வது என்னும் முதல் வினாவிலேயே தம்முள் வேறுபடுகின்றனர். 1969-இல் யோகான் கால்டுங், ஒருவர் மற்றொருவரை நேரே தாக்குவதை மட்டுமன்றி, தவிர்க்கக்கூடிய கேட்டைத் தவிர்க்காமல் விட்டுவைக்கும் சமுதாய அமைப்பையும் வன்முறையெனக் கொண்டு, அதற்கு அமைப்புசார் வன்முறை எனப் பெயரிட்டார். 1970-இல் ஹன்னா அரெண்ட் அதிகாரத்தையும் வன்முறையையும் எதிர்நிலைகளாக வைத்து, அதிகாரம் தளரும்போதே வன்முறை தலையெடுக்கிறது என வாதிட்டார். ரணஜித் குகா 1983-இல், கிளர்ச்சிகளைப் பற்றிய அரசு ஆவணங்களின் உரைநடையையே ஆராய்ச்சிப் பொருளாக்கினார். ஆவணம் எழுதியவரின் நோக்கு பின்வந்த வரலாற்று நூல்களிலும் சொற்களின் வழியாக நுழைந்துவிடுகிறது என்பது அவர் கண்ட முடிபு.

இம்முடிபு மொழியியலாரும் மொழிபெயர்ப்பாளரும் கருதத்தக்கது. ராபர்ட்சன்பேட்டையை உள்ளடக்கிய கோலார் தங்கவயலின் வரலாற்றைச் சான்றாகக் கொண்டு, வன்முறை நிகழ்ச்சிகளுக்கு இடப்படும் பெயர்கள் எவற்றை வெளிப்படுத்துகின்றன, எவற்றை மறைக்கின்றன என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

2. சொற்பொருள் நிலை

'வன்முறை' என்னும் சொல் இன்று பெற்றுள்ள பரந்த ஆட்சி அண்மைக் காலத்தது. இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதி அரசியல் எழுத்துகளில் இப்பொருளில் 'பலாத்காரம்', 'ஹிம்சை' என்பன பெரிதும் வழங்கின. 'பலாத்காரம்' பின்னர்ப் பொருள் சுருங்கி, பாலியல் கொடுமையைக் குறிக்கும் சொல்லாக நின்றது. இதற்கு முற்பட்ட மரபில், செய்பவனை ஒட்டிப் பெயர் வேறுபட்டது. திருக்குறளில் தனிமனிதன் செய்யும் தீங்கு இன்னா செய்யாமை, கொல்லாமை என அறத்துப்பாலில் பேசப்பட, ஆள்வோன் செய்யும் தீங்கு கொடுங்கோன்மை, வெருவந்த செய்யாமை எனப் பொருட்பாலில் தனியே பேசப்படுகிறது. இன்றைய 'வன்முறை' இவ்வேறுபாட்டை அழித்து, யார் செய்ததென்று சுட்டாத பொதுச்சொல்லாக உள்ளது.

செருமானிய மொழியின் 'கெவால்ட்' இதற்கு மாறானது. ஆட்சியதிகாரம், வலிமை, வன்முறை ஆகிய மூன்றையும் அது குறிக்கும். வால்டர் பென்யமின் 1921-இல் எழுதிய கட்டுரை இப்பன்பொருளைக் கொண்டே சட்டத்தை நிறுவும் வன்முறை, சட்டத்தைக் காக்கும் வன்முறை எனப் பகுத்தது. அதனைத் தமிழில் 'வன்முறை' என ஒரே சொல்லால் பெயர்த்தால் வாதத்தின் பாதி மறைந்துவிடும்.

3. வயலும் பேட்டையும்

1880-இல் ஜான் டெய்லர் நிறுவனம் கோலாரில் தங்கம் எடுக்கத் தொடங்கியது. 1902-இல் சிவசமுத்திரத்திலிருந்து சுரங்கங்களுக்கு மின்சாரம் வந்தது. மைசூரில் பிரித்தானியப் பேராளராக இருந்த ராபர்ட்சனின் பெயரால் அமைந்த ராபர்ட்சன்பேட்டை, சுரங்கப் பகுதியை அடுத்த கடைவீதி நகராக வளர்ந்தது. வடஆர்க்காட்டுப் பகுதியிலிருந்தும் சித்தூர்ப் பகுதியிலிருந்தும் வந்த தொழிலாளருள் பெரும்பாலோர் ஒடுக்கப்பட்ட சாதியினர். தமிழ் அவர்களின் பொதுமொழியாயிற்று. நிருவாகம் ஆங்கிலத்திலும், மாநில ஆட்சி கன்னடத்திலும், குடியிருப்பான 'லைன்'களின் வாழ்க்கை தமிழிலும் தெலுங்கிலும் நடந்தன. எனவே இங்கு ஒரு நிகழ்ச்சிக்கு ஒரு பெயர் மட்டும் அமைவது அரிது.

4. மூன்று நிகழ்ச்சிகள்

4.1 1930. அவ்வாண்டு ஏப்ரலில் சுரங்கத் தொழிலாளர் பெருந்திரளாக வேலையை நிறுத்தினர். கைரேகை பதிவு செய்யும் திட்டமே உடனடிக் காரணம். தங்கத் திருட்டைத் தடுக்கும் பெயரில் முன்னரே சோதனைக்கு உட்பட்டு வந்தவர்கள், கைரேகையைக் குற்றவாளிக்கு இடும் அடையாளமாகக் கண்டனர். ஜானகி நாயர் இவ்வேலைநிறுத்தத்தை விரிவாக ஆராய்ந்துள்ளார். யாரும் அடிபடாத ஒரு பதிவுமுறை வன்முறையாகுமா என்னும் வினாவுக்கு, தொழிலாளர் தம் செயலால் 'ஆகும்' என விடை கூறினர். நிருவாகத்துக்கு ஒழுங்கைக் குலைத்த செயல் வேலைநிறுத்தமே. வேலைநிறுத்தத்தை அரசு எப்போது வன்முறையாகக் காண்கிறது என்பது பென்யமின் எழுப்பிய வினாக்களுள் ஒன்று என்பதும் ஈண்டு நோக்கத்தக்கது.

4.2 1946. பொதுவுடைமையர் தலைமையிலான சங்கத்தின் போராட்டக் காலத்தில், நவம்பர் 4 அன்று காவலர் சுட்டதில் தொழிலாளர் அறுவர் இறந்தனர். அந்நாள் தங்கவயலில் தியாகிகள் நாளாக நினைவுகூரப்படுகிறது. இந்நிகழ்ச்சியைக் கூறக்கூடிய தொடர்களை ஒப்பிடலாம்.

'துப்பாக்கிச் சூடு நடந்தது, அறுவர் இறந்தனர்.'
'துப்பாக்கிச் சூட்டில் அறுவர் பலியாயினர்.'
'காவலர் சுட்டு அறுவரைக் கொன்றனர்.'
'அறுவர் உயிர்த்தியாகம் செய்தனர்.'

முதல் தொடரில் சுட்டவர் இல்லை. சூடு மழைபோல் தானே நிகழ்கிறது. இரண்டாவதில் இறப்பு ஒரு பலியாகிறது. ஆயின் பலியிட்டவர் சுட்டப்படவில்லை. மூன்றாவதில் மட்டுமே எழுவாயும் செயப்படுபொருளும் தத்தம் இடத்தில் நிற்கின்றன. நான்காவதில் இறந்தவரே எழுவாயாகி மதிப்புப் பெறுகின்றனர். கொன்றவர் மீண்டும் மறைகிறார். புகழும் பழியும் ஒரே வாக்கியத்தில் அமைய மறுக்கின்றன. கன்னடத்தில் காவலர் சூட்டைக் குறிக்கும் 'கோலிபார்' என்னும் பெயர்ச்சொல்லும் முதல் தொடரைப் போன்றே செய்தவரைச் சுட்டாது.

4.3 1982. வி. கி. கோகாக் குழுவின் பரிந்துரையை ஒட்டி, உயர்நிலைப் பள்ளியில் கன்னடத்தையே ஒரே முதல்மொழியாக்கும் ஆணையைக் கர்நாடக அரசு 1982-இல் பிறப்பித்தது. தங்கவயலில் தமிழர் இதனை எதிர்த்துப் போராடினர். காவலர் சுட்டதில் உயிரிழப்பும் நேர்ந்தது. கன்னட மொழிக்காகக் கிளர்ந்தவருக்கு அது தம் மாநிலத்தில் தம் மொழிக்கு உரிய இடத்தைக் கேட்ட போராட்டம். தங்கவயல் தமிழருக்குத் தம் பிள்ளைகளின் பள்ளிமொழியைக் காக்கும் போராட்டம். ஒரு சாராரின் 'போராட்டம்' மறுசாராரின் 'கலவரம்' ஆயிற்று. கன்னடத்தில் அது 'கலபெ'. 1989-இல் கர்நாடக உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வு அவ்வாணையை ஏற்கவில்லை. தீர்ப்பு பேசியது உரிமைகளை; இறந்தவர்களுக்கான சொல்லை அவரவர் மொழியே தேடிக்கொள்ள வேண்டியிருந்தது.

5. பெயரில்லாத இறப்பு

மேற்கண்டவை நாள் குறிக்கத்தக்க நிகழ்ச்சிகள். தங்கவயலில் இறந்தவருள் பலர் அத்தகைய நாளில் இறந்தவரல்லர். சாம்பியன் ரீப் சுரங்கம் 3 கிலோமீட்டருக்கும் மேற்பட்ட ஆழத்துக்குச் சென்றது. அவ்வாழத்தில் அழுத்தம் தாங்காது பாறை வெடித்துச் சிதறும். அதற்குத் தொடக்கக் காலத்தில் 'ஏர் பிளாஸ்ட்' என்ற பெயரும் வழங்கிற்று. பெயரில் குற்றம் காற்றைச் சேர்ந்தது. பாறைத்தூளை மூச்சிழுத்ததால் நுரையீரல் இறுகும் சிலிக்கோசிஸ் நோய் மற்றொன்று. 1940-களில் மருத்துவர் சோதித்த தொழிலாளருள் பத்தில் நால்வருக்கு மேல் அந்நோய் காணப்பட்டது. மைசூர் அரசு 1940-இல் அதனை இழப்பீட்டுக்குரிய நோயாக ஏற்றது.

ஆவண மொழியில் முன்னது 'விபத்து', பின்னது 'தொழில்நோய்'. இரண்டும் தவறான சொற்கள் அல்ல. ஆயினும் ஆழத்தையும் தூளையும் அறிந்தே ஆளனுப்பியவர் யார் என்னும் வினாவுக்கு இவற்றில் இடமில்லை. கால்டுங்கின் வரையறைப்படி இவையும் வன்முறையே. சுடப்பட்டவருக்கு ஒரு நவம்பர் 4 உண்டு. இருபது ஆண்டுகள் சிறிதுசிறிதாக மூச்சு இழந்தவருக்கு எந்த நாளை நினைவுநாளாகக் கொள்வது? 2001 பிப்ரவரி 28-இல் சுரங்கம் மூடப்பட்ட பின், வேலையற்ற குடும்பங்களும் சயனைடு மண்மேடுகளும் எஞ்சின. அந்நிலைக்கும் 'மூடல்' என்பதே பெயர்.

6. முடிவுரை

இதுகாறும் கூறியவற்றால் பெறப்படுவன மூன்று. ஒன்று, 'வன்முறை' என்னும் பொதுச்சொல் பெரும்பாலும் கூட்டத்தின் செயலுக்கு எளிதில் ஒட்டுகிறது. அரசின் செயலும் நிறுவனத்தின் செயலும் வேறு பெயர்களில் நழுவுகின்றன. இரண்டு, இம்மறைப்புச் சொல்லளவில் மட்டுமன்றி, நடந்தது, நேர்ந்தது, பலியாயினர் போன்ற வினையமைப்புகளிலும் நிகழ்கிறது. மூன்று, மூலத்தில் செய்தவர் சுட்டப்பட்டிருந்தால் மொழிபெயர்ப்பிலும் சுட்டப்பட வேண்டும்; மூலம் அவரை மறைத்திருந்தால் அம்மறைப்பும் மூலத்தின் செய்தியே ஆதலால், மொழிபெயர்ப்பாளர் அதனை வாக்கியத்துள் நிரப்பாது குறிப்பில் காட்டுதல் நேர்மையாகும்.

வரலாற்றில் ஒருவர் எவ்வாறு இறந்தார் என்பதை அடுத்த தலைமுறை பெரிதும் ஒரு வினைமுற்றின் வழியாகவே அறிகிறது. அவ்வினைமுற்றைத் தேர்வதும் வரலாற்றாசிரியருக்கும் மொழிபெயர்ப்பாளருக்கும் உரிய பொறுப்பாகும்.