சோழர் காலப் பிறந்தநாள் விழாக்கள்

சோழர் ஆட்சிக் காலத்தில் (கி.பி. 9–13ஆம் நூற்றாண்டுகள்) பிறந்தநாள், ஒருவர் பிறந்தபோது நிலவு நின்ற நாள்மீனைக் (நட்சத்திரத்தைக்) கொண்டு கணிக்கப்பட்டு, அரச குடும்பத்தாரைப் பொறுத்தவரை பெரும்பாலும் கோயில் திருநாளாகவே கொண்டாடப்பட்டது. நிலவு 27 நாள்மீன்களையும் ஏறத்தாழ 27 நாட்களில் கடந்துவிடுவதால், பிறந்த நாள்மீன் மாதந்தோறும் திரும்பி வரும். பிறந்த மாதத்தில் அது கூடும் நாளே ஆண்டு விழாவுக்கு உரியது.

மன்னனின் பிறந்தநாளைப் பாடும் மரபு சோழப் பேரரசுக்கு முற்பட்டது. தொல்காப்பியம் அதனைப் பெருமங்கலம் என, அரசனைப் புகழும் பாடாண் திணையில் அடக்குகிறது. புறப்பொருள் வெண்பாமாலை நாண்மங்கலம் என்கிறது. அந்நாளில் அரசன் செற்றம் நீங்கி வெள்ளாடை உடுத்துவதும், சிறைப்பட்டோரை விடுவிப்பதும், கொலையும் போரும் தவிர்ப்பதும் உரைகளால் அறியப்படுகின்றன.

சோழர் கல்வெட்டுகளில் இவ்விழா நிவந்தமாக, அதாவது கோயில் செலவுக்கென நிலமோ பொன்னோ ஒதுக்கும் நிலையான அறக்கொடையாக, உருப்பெறுகிறது. முதலாம் இராசராசன் (985–1014) பிறந்த சதய நாளுக்குத் தஞ்சைப் பெரிய கோயிலில் மாதந்தோறும் திருவிழா நடந்தது. மாதம் ஐப்பசி என்பதற்குக் குமரிப் பகுதியிலுள்ள திருநந்திக்கரைக் கல்வெட்டும் சான்று தருகிறது. முதலாம் இராசேந்திரன் மார்கழித் திருவாதிரையில் பிறந்தவன் எனச் சிலர் எழுதியது, அந்நாள் சிவனுக்குரிய சிறப்புத் திருநாளாக இருப்பதால் எழுந்த மயக்கமாக இருக்கலாம். திருவாரூர்க் கல்வெட்டில் அவன் தந்தை இராசராசனுக்கு ஐப்பசிச் சதயமும் அவனுக்கு ஆடித் திருவாதிரையும் தெளிவாகப் பிரித்துரைக்கப்படுவதால், ஆடி மாதமே கொள்ளத்தக்கது. சோழ மன்னர் கண்டராதித்தரின் தேவியான செம்பியன் மாதேவியாரின் சித்திரைக் கேட்டையன்று அந்தணர்க்கு உணவளிக்க, அவருடைய மருமக்களான உத்தம சோழனின் தேவியர் கொடையளித்தனர். மாமியாரின் நாளை மருமக்கள் போற்றிய இச்செய்தி, அக்கால அரண்மனைப் பெண்டிர் தம் பெயரால் அறம் செய்யும் நிலையில் இருந்ததையும் காட்டும் சான்றாகும்.

நாள்மீனை இத்தனை கருத்தாகக் கல்லில் பொறித்தவர்கள் பிறந்த ஆண்டைப் பொறிக்கவில்லை. மாதந்தோறும் விளக்கும் அமுதும் தவறாது நடக்க நாள் தெரிந்தால் போதும் என்பது இதற்குக் காரணமாக இருக்கலாம்.

நாள்மீன் கொண்டு நாள் குறிக்கும் வழக்கு சமயப் பெரியோர் வழிபாட்டிலும் உண்டு; ஆனால் எந்த நாளைப் போற்றுவது என்பதில் வேறுபாடு உண்டு. வைணவர் ஆழ்வார்களையும் ஆசாரியர்களையும் பிறந்த திருநட்சத்திரத்தில் போற்ற, சைவர் நாயன்மார்களுக்கு அவர்கள் இறைவனடி சேர்ந்த நாளில் குருபூசை செய்கின்றனர்.

தஞ்சாவூரில் இராசராசனின் சதய விழா இன்றும் ஆண்டுதோறும் நடைபெறுகிறது.