கிடேரிக் கன்றைக் கயிற்றில் பிடித்து அமைதியாக நடக்கப் பழக்கும் முறை

கலப்பினக் கிடேரிகள் பல, சினை ஊசி போட மருந்தகத்துக்கு ஓட்டிச் செல்லும் நாளில்தான் முதன்முதலாகச் சாலையைப் பார்க்கின்றன. ஹாரன் சத்தத்தில் மிரண்டு ஓடும் மாட்டை ஒரு ஆளால் நிறுத்த முடியாது. கயிற்றைப் பிடித்திருப்பவர் கீழே விழுந்து இழுபடவும் நேரிடும். பிறக்கும்போது சுமார் 25 கிலோ இருக்கும் கன்று, முதல் ஈற்றுக்குள் 300 கிலோவைத் தாண்டிவிடும். எனவே 2 முதல் 3 மாத வயதிலேயே பழக்கத் தொடங்குங்கள்.

கயிறு

கழுத்தில் சுருக்குப் போட்டு இழுக்காதீர்கள், மூச்சு அடைக்கும். பருத்திக் கயிற்றில் தலைக்கயிறு கட்டுங்கள். அது காதுகளுக்குப் பின்னாலும், கண்களுக்குச் சற்றுக் கீழே மூக்கெலும்பின் மேலும் சுற்றி வர வேண்டும். பிடிகயிறு தாடைக்கு அடியில் இருக்கட்டும். இழுத்தால் இறுக வேண்டும். விட்டவுடன் தளர வேண்டும்.

பழக்கும் படிகள்

1. முதல் சில நாட்கள் கழுத்து, முதுகு, கால்களைத் தடவிக் கொடுங்கள். பக்கவாட்டிலிருந்தே நெருங்குங்கள், நேர் பின்னால் நிற்பவரைக் கன்றால் பார்க்க முடியாது.

2. தலைக்கயிறு போட்டு, உறுதியான கம்பத்தில் கன்றின் தலை உயரத்தில் அரை மணி நேரம் கட்டுங்கள். இரண்டடிக் கயிறு போதும். ஒரே இழுப்பில் அவிழும் முடிச்சாகப் போட்டு, அருகிலேயே இருங்கள்.

3. அடுத்து, தண்ணீர்த் தொட்டி அல்லது தீவனத் தொட்டியை நோக்கி நடத்துங்கள். கன்றின் இடது தோள் அருகே நின்று கயிற்றை மெதுவாக இழுத்துப் பிடியுங்கள். ஓரடி வைத்த அதே நொடியில் தளர்த்துங்கள். நடந்தால் கயிறு தளரும் என்பதே கன்று கற்க வேண்டிய பாடம்.

4. நகர மறுத்தால் நேராக இழுக்காமல் பக்கவாட்டில் இழுங்கள். தடுமாறாமல் இருக்கக் கால் எடுத்து வைக்கும். உடனே தளர்த்துங்கள்.

5. காலை அல்லது மாலை வெயில் குறைந்த நேரத்தில், தினமும் 10 முதல் 15 நிமிடம் போதும். கொட்டகையில் நன்கு நடந்த பிறகு தெருவுக்கும், அதன்பின் துணைக்கு ஓர் ஆளுடன் சாலைக்கும் கொண்டு செல்லுங்கள்.

தவிர்க்க வேண்டியவை

• கயிற்றைக் கையிலோ இடுப்பிலோ சுற்றிக்கொள்ளாதீர்கள். மாடு ஓடினால் விரல் துண்டாகலாம்.

• கன்று பின்னோக்கி இழுக்கும்போது தளர்த்தாதீர்கள். இழுத்தால் ஜெயிக்கலாம் என்று கற்றுக்கொள்ளும்.

• படுத்துக்கொண்டால் அடிக்காதீர்கள், வாலை முறுக்காதீர்கள். வால் எலும்பு முறியக்கூடும். எழுப்பி, இரண்டடி நடக்க வைத்து அன்றைய பழக்கத்தை முடியுங்கள்.

• வளர்ந்த, பழகாத கிடேரியைத் தனியாகச் சாலைக்கு ஓட்டாதீர்கள். கொட்டகைக்குள் இரண்டு பேராக இதே படிகளைப் பின்பற்றுங்கள்.

நடக்கப் பழகிய கன்றை நிற்கவும் பழக்குங்கள். நிறுத்தி மடி, கால், காதுகளைத் தினமும் தொட்டு வந்தால் தடுப்பூசிக்கும் சினை ஊசிக்கும் முதல் ஈற்றுப் பால் கறவைக்கும் உதைக்காமல் நிற்கும்.