ரொபெர்த்தோ விதால் போலாஞோ

ரொபெர்த்தோ விதால் போலாஞோ (1950–2002) கலிசிய மொழியின் நாடகாசிரியர், நடிகர், இயக்குநர். ஸ்பெயினின் வடமேற்கு மூலையில் உள்ள கலிசியாவின் தலைநகரான சந்தியாகோ தெ கொம்பொஸ்தெலாவில் பிறந்தார், அங்கேயே மறைந்தார். அவருடைய சிறந்த நாடகங்கள் பலவற்றின் களமும் அந்நகரமே.

அவர் வளர்ந்த காலத்தில் ஸ்பெயினை ஆண்டவர் சர்வாதிகாரி ஃபிராங்கோ. கலிசிய மொழி வீட்டிலும் வயலிலும் வாழ்ந்ததே தவிர, பள்ளிக்கும் அலுவலகத்துக்கும் வெளியே நிறுத்தப்பட்டிருந்தது. அம்மொழியில் நாடகம் போட்டுப் பிழைப்பது கற்பனைக்கும் எட்டாத செயல். ஆர்வலர்களின் குழுக்களே மேடையைத் தாங்கி நின்றன. ஒயினுக்குப் பெயர்பெற்ற ரிபதாவியா என்ற சிற்றூரில் அப்ரெந்தெ பண்பாட்டுச் சங்கம் 1973 முதல் 1980 வரை நடத்திய நாடக விழா, சிதறிக் கிடந்த அக்குழுக்களை ஒன்றுசேர்த்தது. அதன் நாடகப் போட்டியில் 1976இல் 'லவுதாமுக்கோ, எங்குமில்லா ஊரின் அதிபதி' பரிசு வென்றது. தளர்ந்துபோன ஒரு கொடுங்கோலனைப் பற்றிய நாடகம் அது. ஃபிராங்கோ இறந்து ஓராண்டுகூட நிறைவடைந்திராத நிலையில், அது யாரைச் சுட்டுகிறது என்பதில் எவருக்கும் ஐயம் இருந்திருக்காது.

எழுபதுகளின் நடுவில் அவர் தொடங்கிய 'அந்த்ரொய்தோ' குழு, கலிசியாவின் முதல் தொழில்முறை நாடகக் குழுக்களில் ஒன்றாக வளர்ந்தது. குழுவின் பெயருக்குக் கலிசிய மொழியில் கார்னிவல் என்று பொருள். முகமூடி, ஊர்வலம், எள்ளல் என அந்தக் கிராமத்துக் கொண்டாட்டத்திலிருந்த கூறுகளை அவர் மேடைக்கு எடுத்துக்கொண்டார். எழுதியதைத் தாமே இயக்குவார், நடிப்பார். அரங்க அமைப்பிலும் ஒளியிலும் கை வைப்பார். மேடையின் எல்லா வேலையும் தெரிந்த ஒருவரின் எழுத்து என்பது அவருடைய உரையாடல்களில் தெளிவாகத் தெரியும். அவற்றில் படிப்பதற்காக மட்டும் எழுதப்பட்ட வரி அரிது.

1984இல் கலிசிய நாடக மையம் என்ற அரசு நிறுவனம் உருவானது. கலிசியர்கள் போற்றும் கவிஞர் ரொசாலியா தெ காஸ்த்ரோவைப் பற்றிய 'நிழல்களின் காணிக்கை' என்ற நாடகத்தை விதால் போலாஞோ அதே ஆண்டில் எழுதினார். ரொசாலியாவைப் பீடத்திலிருந்து இறக்கி, நோயும் கோபமும் உள்ள பெண்ணாகக் காட்டும் துணிச்சல் அதில் இருந்தது. 1992இல் 'தெயாத்ரோ தோ அகி' என்ற புதிய குழுவைத் தொடங்கினார்.

அவருடைய ஆற்றல் முழுமையாக வெளிப்பட்டது தொண்ணூறுகளில்தான். சந்தியாகோ, புனித யாக்கோபின் கல்லறை இருப்பதாக நம்பப்படும் யாத்திரைத் தலம். 1993இல் வந்த புனித ஆண்டை அரசு பெரும் சுற்றுலா விழாவாக விளம்பரப்படுத்தியபோது, 'பெருமையற்ற நாட்கள்' நாடகத்தில் அவர் அத்தலத்துக்குச் செல்லும் யாத்திரைப் பாதையைத் தோற்றுப்போனவர்களின் பக்கமிருந்து காட்டினார். 'டெனார் சாக்ஸபோன்' நாடகம் அந்நகரின் இருட்டுச் சந்துகளில் நடக்கிறது.

1998இல் வந்த 'நோயாளிகள்' இந்த வரிசையில் உச்சம். சந்தியாகோ பேராலயத்தின் பக்கத்தில், யாத்திரிகர்களுக்காகப் பதினாறாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுந்த அரச மருத்துவமனை, 1954இல் ஆடம்பர விடுதியாக மாற்றப்பட்டது. இன்று அதன் வாசலில் படம் எடுத்துக்கொள்ளும் பயணிகள் பலருக்கு அந்த வரலாறு தெரிவதில்லை. விதால் போலாஞோ அங்கிருந்து வெளியேற்றப்படும் இரண்டு நோயாளிகளை மேடையேற்றினார். கட்டடத்தின் அழகைப் பற்றி எத்தனையோ பேர் எழுதியிருக்கிறார்கள். அதைவிட்டுத் துரத்தப்பட்டவர்களுக்குக் குரல் கொடுத்தது இந்த நாடகம். சிரிப்பும் சாவும் ஒன்றாக வரும் அதன் பேச்சில், கலிசியாவிலேயே பிறந்த நாடகாசிரியர் வாய்யே-இன்க்லானின் தாக்கத்தைக் காணலாம். அதே ஆண்டின் 'தடயங்கள்' இளமையில் புரட்சி பேசி நடுவயதில் நம்பிக்கை இழந்த அவருடைய தலைமுறையைப் பற்றியது.

திரைப்படங்களிலும் நடித்தார்.

2002 செப்டம்பர் 11 அன்று, 52 வயதில் காலமானார். கலிசிய இலக்கியத்தின் மிக உயர்ந்த பொது மரியாதை, மே 17 அன்று கொண்டாடப்படும் கலிசிய எழுத்து நாள். இறந்து பத்தாண்டுகளாவது ஆன ஓர் எழுத்தாளருக்கு மட்டுமே அதை அர்ப்பணிக்க முடியும். அந்த விதி அனுமதித்த முதல் வாய்ப்பிலேயே, 2013இல், கலிசிய அரச அகாதெமி அதை விதால் போலாஞோவுக்கு அர்ப்பணித்தது. புனித யாக்கோபின் எலும்புகள் உண்மையானவையா என்ற பத்தொன்பதாம் நூற்றாண்டுச் சர்ச்சையை அவர் 'இருண்ட ஆவணங்கள்' என்ற நாடகமாக எழுதியிருந்தார். அது மேடையேறியது அவருடைய மறைவுக்குப் பிறகே.