சிரிப்பு வராத நகைச்சுவைப் பாடம்

கொஞ்சம் நீளமான பதிவு. காபி போட்டுக்கொண்டு வந்து உட்கார்ந்து படியுங்கள்.

போன வாரம் பக்கத்து வீட்டுக் குழந்தை ஆங்கிலப் புத்தகத்தோடு வந்தாள். ஏழாம் வகுப்பு. மறுநாள் தேர்வு. "டீச்சர் பாட்டி, கேள்வி கேளுங்க" என்றாள். கேட்டேன். இந்தப் பாடம் ஏன் நகைச்சுவையாக இருக்கிறது என்ற கேள்விக்கு ஐந்து வரி, மூச்சு விடாமல் ஒப்பித்தாள். ஒரு எழுத்துப் பிசகவில்லை.

"சரி கண்ணு, படிக்கும்போது உனக்குச் சிரிப்பு வந்துச்சா?"

"அது நோட்ஸ்ல இல்லையே பாட்டி."

அவள் போன பிறகு சிரித்தேன். ராத்திரி படுத்தால் தூக்கம் வரவில்லை. அந்த மாதிரி நோட்ஸை எத்தனை வருடம் நானே எழுதிப் போட்டிருக்கிறேன்! உங்களில் பாதிப் பேர் அதை மனப்பாடம் செய்து என்னிடம் மார்க் வாங்கியவர்கள்தானே? அதனால் இன்று ஒரு சின்ன வரலாறு சொல்கிறேன். கடைசியில் ஒரு மன்னிப்பும் கேட்க வேண்டியிருக்கிறது.

நகைச்சுவைக் கதையை வைத்து மொழி சொல்லிக்கொடுப்பது வெள்ளைக்காரனிடமிருந்து வந்த பழக்கம் என்று நினைக்கிறோம். ஆனால் இந்த மண்ணில் அது முதலில் எதிர்த்திசையில் நடந்தது. இத்தாலியில் 1680இல் பிறந்து, இங்கே வந்து தமிழ் கற்று, தேம்பாவணியும் சதுரகராதியும் தந்த வீரமாமுனிவரை உங்களுக்குத் தெரியும். அவர் எழுதியதுதான் பரமார்த்த குரு கதை. தமிழ் படிக்க வந்த ஐரோப்பியர்களுக்கு வாசிக்கப் பயன்படட்டும் என்று, தமிழோடு லத்தீனும் சேர்த்து எழுதினார். பிறகு 1822இல் சென்னை சிவில் பணியைச் சேர்ந்த பெஞ்சமின் பாபிங்டன் என்பவர் அதை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து லண்டனில் அச்சிட்டார். தமிழ் மூலம், ஆங்கில மொழிபெயர்ப்பு, சொற்பொருள் எல்லாம் ஒரே புத்தகத்தில். அதாவது, நம் மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன் ஐந்து பேரும் துரைமார்களுக்குத் தமிழ் வாத்தியார்களாக இருந்திருக்கிறார்கள்!

ஏன் அந்தக் கதை? நீதி நூலோ இலக்கணமோ போதாதா? யோசித்துப் பாருங்கள். சீடர்கள் ஆற்றைக் கடந்து கரையேறுகிறார்கள். எல்லோரும் வந்துவிட்டோமா என்று ஒருவன் எண்ணுகிறான். தன்னை விட்டுவிட்டு எண்ணுகிறான். ஒரு ஆள் குறைகிறது. ஆறு விழுங்கிவிட்டது என்று கூடி அழுகிறார்கள். இதைப் படிக்கிற துரைக்கு எண்ணத் தெரிய வேண்டும், வினைச்சொல் தெரிய வேண்டும், யார் யாரை எண்ணினார் என்பது புரிய வேண்டும். புரிந்தால் சிரிப்பு தானாக வரும். புரியாவிட்டால் முகம் கல்லாக இருக்கும். வேறு பரீட்சையே வேண்டாம். மற்ற எந்தப் பதிலையும் மனப்பாடம் செய்யலாம். சிரிப்பை மட்டும் மனப்பாடம் செய்ய முடியாது.

பிறகு காற்று திரும்பியது. 1857இல் சென்னைப் பல்கலைக்கழகம் வந்தது. மெட்ரிகுலேஷன் தேறினால்தான் குமாஸ்தா வேலைக்காவது வழி என்று ஆனது. ஆங்கிலப் பாட்டும் கதையும் நம் பிள்ளைகள் தலைமேல் ஏறின. வேர்ட்ஸ்வொர்த்தின் டாஃபோடில்ஸ் பாட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். 1802 ஏப்ரலில் அவரும் தங்கை டோரதியும் அல்ஸ்வாட்டர் ஏரிக்கரையில் நடந்து போகும்போது அந்த மஞ்சள் பூக்களைப் பார்த்தார்கள். டோரதி அன்றே நாட்குறிப்பில் எழுதி வைத்தார். அண்ணனின் கவிதை 1807இல் அச்சில் வந்தது. அந்தப் பூ நம் கடற்கரைப் பக்கத்து வெயிலில் வளராது. ஆனாலும் அந்தப் பூவைக் கண்ணால் காணாத எத்தனையோ தலைமுறைப் பிள்ளைகள், சென்னையிலும் கொழும்பிலும் மேற்கிந்தியத் தீவுகளிலும், அந்தப் பாட்டைக் கைகட்டி நின்று ஒப்பித்தார்கள்.

புரசைவாக்கத்தில் பாட்டி வீட்டில் வளர்ந்த ஒரு பையனும் இந்தக் காலத்துப் பள்ளிப் படிப்பில் அகப்பட்டுக்கொண்டவன்தான். பல்கலைக்கழக நுழைவுத் தேர்வில் அவன் தோற்றது எந்தப் பாடத்தில் தெரியுமா? ஆங்கிலத்தில்! அவர்தான் ஆர்.கே. நாராயண். 1935இல் 'சுவாமியும் நண்பர்களும்' ஆங்கில நாவலாக லண்டனில் வெளிவந்தது. பள்ளிக்கூடத்துக்குப் பயப்படும் ஒரு பையனை வைத்து உலகத்தையே சிரிக்க வைத்தவர், தேர்வுத்தாளில் ஆங்கிலம் போதாதவர்!

சுதந்திரம் வந்த பிறகு அரசாங்கத்துக்கு வேறு கவலை. லட்சக்கணக்கான பிள்ளைகள், ஆங்கிலம் அதிகம் பேசிப் பழகாத ஆசிரியர்கள். 1960ஐ ஒட்டிய ஆண்டுகளில், பிரிட்டிஷ் கவுன்சில் துணையோடு சென்னை மாகாணத்தில் ஒரு பெரிய பயிற்சி இயக்கம் நடந்தது. சிலருக்குப் பயிற்சி கொடுப்பது, அவர்கள் போய் மற்றவர்களுக்குக் கொடுப்பது. இப்படி 27,000 ஆசிரியர்களைச் சென்றடைவதுதான் திட்டம். உருள உருளப் பெரிதாகும் என்பதால் அதற்கு 'மெட்ராஸ் பனிப்பந்து' என்று பெயர். பனியே விழாத ஊரில் பனிப்பந்து!

அந்த முறையைக் குறை சொல்ல மாட்டேன். நானே அதில் விளைந்த பயிர். 1979இல் நான் ஆசிரியர் பயிற்சிப் பள்ளியில் சேர்ந்தபோது கற்றுக்கொண்டது அதைத்தான். வாக்கிய அமைப்புகளை எளிதிலிருந்து கடினம் வரை வரிசையாக அடுக்கி, ஒரு கட்டத்தில் சொல்லை மாற்றி மாற்றிப் போட்டு, வகுப்பே சேர்ந்து சொல்ல வேண்டும். ஆங்கிலமே தெரியாத குழந்தை நான்கு வாக்கியம் தப்பில்லாமல் சொன்னது அதனால்தான். ஆனால் நகைச்சுவைப் பாடமும் இயற்கைப் பாட்டும் வந்தால் எங்களுக்குக் கை ஓடாது. அவை எந்தக் கட்டத்திலும் அடங்காது. அதனால் பொருள் சொல்வோம், பதில் எழுதிப் போடுவோம், அடுத்த பாடத்துக்குப் போய்விடுவோம்.

அதே 1979இல் பெங்களூரில் என்.எஸ். பிரபு என்பவர் ஒரு சோதனையைத் தொடங்கினார். 1984 வரை நடந்தது. சென்னையிலும் கடலூரிலும்கூட வகுப்புகள் நடந்தன. இலக்கணத்தை வரிசையாக நடத்தவில்லை. ரயில் கால அட்டவணையைக் கொடுத்து எந்த வண்டியைப் பிடிக்கலாம் என்று யோசிக்கச் சொன்னார்கள். வரைபடத்தைக் கொடுத்து வழி கேட்டார்கள். பிள்ளையின் கவனம் பொருளின்மேல் இருந்தால் மொழி தானே உள்ளே இறங்கும் என்பது பிரபுவின் நம்பிக்கை. இது நடந்துகொண்டிருந்தபோது இங்கே மேடவாக்கம் பக்கத்தில் எனக்கு ஒன்றும் தெரியாது. பல வருடம் கழித்து ஒரு பணியிடைப் பயிற்சியில்தான் கேள்விப்பட்டேன். வீரமாமுனிவர் செய்ததும் கிட்டத்தட்ட இதுதானே என்று அப்போது தோன்றியது.

இப்போது மன்னிப்புக்கு வருகிறேன்.

தொண்ணூறுகளின் நடுவில் ஒரு வருடம். ஆண்டு விழா ஒப்புவித்தல் போட்டிக்காக எட்டாம் வகுப்புக்கு டாஃபோடில்ஸ் சொல்லிக்கொடுத்தேன். விட்ட குறைக்கு அதிலிருந்தே வகுப்புத் தேர்வும் வைத்தேன். தனியாக இருக்கும்போது கவிஞருக்கு என்ன நேர்கிறது என்று ஒரு கேள்வி. எல்லோரும் என் நோட்ஸை அப்படியே எழுதினார்கள். ஒரு பையன் மட்டும், பாதி தப்பான ஆங்கிலத்தில், வேறு எழுதியிருந்தான். பள்ளிக்கரணையில் அப்பாவோடு சைக்கிளில் போகும்போது தண்ணீர் முழுக்கப் பறவைகளைப் பார்த்தானாம், எண்ண முடியவில்லையாம். ராத்திரி விளக்கை அணைத்த பிறகு அவை கண்ணுக்குள் வருகின்றனவாம். இவ்வளவுதான் பதில்.

நான் சிவப்பு மையில் குறுக்கே ஒரு கோடு இழுத்துப் பூஜ்யம் போட்டேன். "கேட்டதற்குப் பதில் எழுது" என்று பக்கத்தில் எழுதினேன். வகுப்பில் அதை உரக்கப் படித்தும் காட்டினேன். எல்லோரும் சிரித்தார்கள். அந்த வருடம் என் ஆங்கில வகுப்பில் கேட்ட ஒரே பெரிய சிரிப்பு அதுதான்.

அந்தக் கவிதை சொல்வதே அதுதான் என்பது எனக்கு உறைக்கப் பல வருடம் ஆனது. பார்த்த நேரத்தில் அதன் அருமை தெரியவில்லை, பிறகு தனிமையில் படுத்திருக்கும்போது அந்தக் காட்சி உள்ளே திரும்பி வந்து மனசை நிறைக்கிறது. நாற்பது பேரில் அந்தப் பாட்டைப் புரிந்துகொண்டவன் அவன் ஒருவன். அவனுக்குத்தான் பூஜ்யம். நோட்ஸ் எழுதிப்போட்ட எனக்கும் அன்று அது புரிந்திருக்கவில்லை.

ஆர்.கே. நாராயண் மாநிலங்களவை உறுப்பினராக இருந்தபோது, 1989இல், குழந்தைகளின் புத்தகப் பைச் சுமையைப் பற்றித்தான் பேசினார். நகைச்சுவை எழுத்தாளர், அங்கே சிரிப்பு மூட்டவில்லை. பிறகு யஷ்பால் குழு அமைந்து, 1993இல் 'சுமையற்ற கற்றல்' என்ற அறிக்கை வந்தது. பையின் எடையைவிடக் கொடிய சுமை புரியாமைதான் என்று அந்த அறிக்கை சொல்கிறது. அது வெளிவந்து இரண்டு மூன்று வருடத்துக்குள்தான் நான் அந்தப் பையனுக்குப் பூஜ்யம் போட்டேன்.

கடைசிப் பத்து வருடத்தில் கொஞ்சம் மாறினேன். நகைச்சுவைப் பாடம் என்றால் முதலில் நோட்டை மூடச் சொல்வேன். பரமார்த்த குரு கதையை எளிய ஆங்கிலத்தில் சொல்லி, ஐந்து பேரை நிற்கவைத்து எண்ணச் சொல்வேன். முதல் பெஞ்சு உடனே சிரிக்கும். கடைசி பெஞ்சிலிருந்து ஒரு சிரிப்பு அரை நிமிடம் கழித்து வரும். அந்தத் தாமதச் சிரிப்புக்காகத்தான் காத்திருப்பேன். அதன் பிறகு மூன்றே கேள்வி: அவன் என்ன நினைத்துக்கொண்டிருக்கிறான்? அவனுக்குத் தெரியாத எது நமக்குத் தெரியும்? எந்த வரியில் உனக்குச் சிரிப்பு வந்தது? இயற்கைப் பாட்டு என்றால் ஜன்னல் பக்கம் திருப்பி உட்காரவைத்து, பாட்டில் இருக்கும் பூவுக்கும் மரத்துக்கும் பதிலாக நம் ஊரில் எதை வைக்கலாம் என்று கேட்பேன். பூவரசு என்பார்கள், வேம்பு என்பார்கள், ஒருத்தி முருங்கைப் பூ என்றாள். இலக்கணத் தப்பைப் பிறகு திருத்திக்கொள்ளலாம்.

வீட்டில் ஆறு, ஏழு, எட்டு படிக்கிற பிள்ளைகள் இருப்பவர்கள் இதைச் செய்து பாருங்கள். பதிலைக் கேட்பதற்கு முன்னால் "சிரிப்பு வந்துச்சா?" என்று கேளுங்கள். வரவில்லை என்றால் குழந்தையைத் திட்டாதீர்கள். கூட உட்கார்ந்து இன்னொரு தடவை படியுங்கள். ஞாயிற்றுக்கிழமை காலையில் பள்ளிக்கரணைப் பக்கம் கூட்டிக்கொண்டு போங்கள். 2022இல் அது ராம்சார் சதுப்புநிலப் பட்டியலில் சேர்ந்துவிட்டது. நாங்கள் பார்த்த பரப்பு இப்போது இல்லை. நான்கு பக்கமும் கட்டடம், ஒரு பக்கம் குப்பைமேடு. ஆனால் பறவைகள் இன்னும் வருகின்றன.

அந்தப் பையனின் பெயரை இங்கே எழுதவில்லை. இப்போது நாற்பது வயதைத் தாண்டியிருப்பான். தம்பி, நீ எங்கே இருந்தாலும், இதைப் படிக்க நேர்ந்தால் உனக்குத் தெரியும் அது நீதான் என்று. அன்று தப்பாக எழுதியது நான்தான். உன் பதிலுக்கு முழு மார்க். முப்பது வருடம் தாமதம், டீச்சரை மன்னித்துவிடு. முடிந்தால் ஒருநாள் வீட்டுக்கு வா. சேர்ந்து போய்ப் பறவை பார்க்கலாம்.

எல்லோரும் நலமாக இருங்கள்.

அன்புடன்,
உங்கள் டீச்சர், மேடவாக்கம்