செம்பு விட்டுப்போன வண்ணங்கள்

கண்ணாடி இழைக்குள் ஓடும் ஒளி கண்ணுக்குத் தெரியாது. நெடுந்தூரத் தடங்களில் அது பெரும்பாலும் 1310 அல்லது 1550 நானோமீட்டர், இரண்டுமே அகச்சிவப்பு. ஆனால் அந்த ஒளியைச் சுமக்கும் இழைகளோ திருவிழா வளையல் கடைபோல் பன்னிரண்டு நிறத்தில் இருக்கின்றன: நீலம், ஆரஞ்சு, பச்சை, பழுப்பு, சிலேட், வெள்ளை, சிவப்பு, கறுப்பு, மஞ்சள், ஊதா, ரோஜா, அக்வா. வானவில்லின் வரிசையும் இல்லை, அகரவரிசையும் இல்லை. பிறகு யார் வைத்த வரிசை இது?

செம்புக் கம்பி வைத்தது.

அமெரிக்காவின் பழைய தொலைபேசிக் கேபிள்களில் செம்புக் கம்பிகளுக்குக் காகிதம் சுற்றி, மேலே ஈய உறை போடுவார்கள். உள்ளே நூற்றுக்கணக்கான ஜோடிகள், பார்வைக்கு ஏறக்குறைய ஒன்றுபோல. ஒரு முனையில் ஒருவர் ஒலி கொடுக்க, மறுமுனையில் இன்னொருவர் அது எந்த ஜோடியில் கேட்கிறது என்று தேடிப் பிடிக்க வேண்டும். 1950களில் காகிதத்தின் இடத்துக்குப் பாலிஎத்திலீன் வந்தது. பிளாஸ்டிக்கில் சாயம் கலக்கலாம். தேடல் பார்வையிலேயே முடிந்துவிடும்.

பெல் தொலைபேசி நிறுவனத்தார் பத்து நிறங்களை இரண்டு ஐந்தாகப் பிரித்தார்கள். ஒரு பக்கம் வெள்ளை, சிவப்பு, கறுப்பு, மஞ்சள், ஊதா. மறுபக்கம் நீலம், ஆரஞ்சு, பச்சை, பழுப்பு, சிலேட். ஐயைந்து இருபத்தைந்து ஜோடி. வெள்ளை-நீலம் முதல் ஜோடி, ஊதா-சிலேட் கடைசி. சாம்பல் என்று சொல்லாமல் ஏன் சிலேட்? ஆங்கிலத்தில் சாம்பலுக்கும் பச்சைக்கும் முதலெழுத்து ஒன்றே. முதலெழுத்துகளை வைத்து மனப்பாட வாக்கியம் கட்டுகிறவர்களுக்கு அது ஆகாது. அவர்கள் கட்டிய ஒன்று, பெல் ஆபரேட்டர்களின் சேவையைப் புகழ்கிறது. இன்னொன்று, பின்னோக்கி ஓடினால் வாந்தி வரும் என்கிறது! தொழிலாளிகளின் இலக்கணம் எப்போதும் இப்படித்தான்.

1976இல் அட்லாண்டாவில் பெல் ஆய்வகம் ஆப்டிகல் ஃபைபர் கேபிளைச் சோதித்துப் பார்த்தது. பன்னிரண்டு இழை கொண்ட பன்னிரண்டு நாடாக்கள், ஆக 144 இழைகள். பிற்பாடு டிஐஏ-598 என்ற அமெரிக்கத் தரவிதி நிறங்களை வரையறுத்தபோது, செம்பின் பத்து நிறங்களும் அப்படியே வந்து உட்கார்ந்தன: இரண்டாவது ஐந்து முன்னால், முதல் ஐந்து பின்னால். பன்னிரண்டை நிரப்ப ரோஜாவும் அக்வாவும் புதிதாகச் சேர்ந்தன. பதின்மூன்றாவது இழையிலிருந்து அதே நிறங்கள்தான், மேலே ஒரு கறுப்புக் கோட்டுடன். கறுப்பு இழைமேல் கறுப்புக் கோடு தெரியாதே. அதற்கு மட்டும் மஞ்சள் கோடு.

மேலுறையின் நிறங்கள் தனிக்கதை. ஒளி ஒரே பாதையில் ஓடும் சிங்கிள்மோடுக்கு மஞ்சள், பல பாதைகளில் ஓடும் பழைய மல்டிமோடுக்கு ஆரஞ்சு, பிறகு வந்த வேகமான வகைக்கு அக்வா. ஐரோப்பாவில் ஓஎம்4 என்ற மல்டிமோடு வகைக்கு எரிக்கா ஊதா பரவலானது. ஜெர்மானியர் ஒரு காட்டுப்பூவுக்கு வைத்திருக்கும் பெயர் அது. கேபிள் முனையில் செருகும் கனெக்டரில் நீலமும் பச்சையும் வெறும் அழகுக்கு இல்லை. பச்சையின் முனை 8 டிகிரி சாய்வாகத் தேய்க்கப்பட்டது. திரும்பும் ஒளி வந்த வழியே போகாமல் பக்கவாட்டில் வெளியேறிவிடும். நீலத்தின் முனையில் அந்தச் சாய்வு இல்லை. இரண்டையும் சேர்த்துச் செருகினால் நடுவில் இடைவெளி விழுந்து, ஒளி வீணாகும்.

எல்லா நாடும் பெல்லின் வரிசைக்குத் தலையாட்டவில்லை. ஜெர்மன் வரிசை சிவப்பு, பச்சை, நீலம் என்று தொடங்கும். பிரான்சின் பழைய தொலைபேசி வரிசை சிவப்பு, நீலம், பச்சை என்று. "மூன்றாவது இழை" என்றால் எந்த நாட்டு மூன்றாவது என்று கேட்டுக்கொள்வது நல்லது.

இந்தியாவில் அந்தக் கேள்வி எழவில்லை. இங்கே தொலைபேசித் துறை தெருத்தெருவாகப் புதைத்த, ஜெல்லி நிரப்பிய செம்புக் கேபிள்களிலும் வெள்ளை-நீலம்தான் முதல் ஜோடி. செம்பில் கை பழகிய கேபிள் ஜாயின்டர்கள் ஃபைபர் ஸ்ப்ளைசிங் பெட்டியைத் திறந்தபோது கருவி புதிது, கண்ணாடி புதிது, கத்தரிக்கும் விதம் புதிது. நீலம், ஆரஞ்சு, பச்சை, பழுப்பு, சிலேட் மட்டும் ஏற்கெனவே தெரிந்திருந்தது.