துவாலுவின் தன்னாட்சியும் அயல்நாட்டு உதவியும்: அறக்கட்டளை நிதியம் முதல் ஃபலேபிலி ஒப்பந்தம் வரை

முன்னுரை

பசிபிக் பெருங்கடலில் ஒன்பது தீவுகளால் ஆன துவாலுவின் நிலப்பரப்பு ஏறத்தாழ 26 சதுர கிலோமீட்டர். மக்கள்தொகை ஏறத்தாழ 11,000. 1978 அக்டோபர் 1 அன்று விடுதலை பெற்ற நாள்முதல் இந்நாடு அயல்நாட்டு உதவியைச் சார்ந்தே நிற்கிறது. உதவியின் அளவைவிட, அது வரும் வடிவமே தன்னாட்சியின் எல்லையை வரையறுத்தது என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது.

பிரிவினையின் விலை

கில்பர்ட், எல்லிஸ் தீவுகளைப் பிரித்தானியா ஒரே குடியேற்ற நாடாக ஆண்டது. பொலினீசியரான எல்லிஸ் தீவினர், எண்ணிக்கையில் மிகுந்த கில்பர்ட் மக்களுக்குக் கீழ்ப்பட்டிருக்க விரும்பவில்லை. பிரிந்தால் ஓஷன் தீவின் பாஸ்பேட் வருவாயில் பங்கில்லை. ஒரே ஒரு கப்பல் மட்டுமே கிடைக்கும். இந்நிபந்தனைகளுக்கு இடையிலும் 1974ஆம் ஆண்டு வாக்கெடுப்பில் பெரும்பான்மையோர் பிரிவினையையே தேர்ந்தனர். இதன் விளைவாக, புதிய அரசின் வரவுசெலவுப் பற்றாக்குறையை ஈடுகட்டப் பிரித்தானியாவின் மானியம் தேவைப்பட்டது.

அறக்கட்டளை நிதியம்

ஆண்டுதோறும் மானியம் கோரும் நிலையை மாற்ற 1987இல் துவாலு அறக்கட்டளை நிதியம் நிறுவப்பெற்றது. ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, பிரித்தானியா ஆகியவை பெரும்பங்கு அளித்தன. துவாலுவும் தன் பங்கைச் செலுத்தியது. தொடக்க முதல் ஏறத்தாழ 2.7 கோடி ஆஸ்திரேலிய டாலர். பணவீக்கத்திற்கேற்ப முதலின் மதிப்பைக் காத்து, அதற்கு மேற்பட்ட ஈட்டத்தை மட்டுமே அரசு பயன்படுத்தலாம். இதனால் கொடையாளரின் ஆண்டு முடிவை எதிர்நோக்கும் நிலை தளர்ந்தது. எனினும் நிதியத்தின் ஆட்சிக்குழுவில் கொடையாளர் இடம்பெற்றனர். சந்தை சரிந்த ஆண்டுகளில் ஈட்டமும் இல்லாதுபோயிற்று. சார்பு நீங்கவில்லை, விதிகளுக்கு உட்பட்டது எனலாம்.

ஃபலேபிலி ஒப்பந்தம்

2023 நவம்பரில் ஆஸ்திரேலியாவுடன் கையெழுத்தாகி 2024 ஆகஸ்டில் நடைமுறைக்கு வந்த இவ்வொப்பந்தம், ஆண்டுக்கு 280 துவாலு குடிமக்கள் ஆஸ்திரேலியாவில் குடியேற வழிவகுக்கிறது. கடல்மட்டம் உயர்ந்தாலும் துவாலுவின் அரசுரிமை தொடரும் என்பதையும் ஏற்கிறது. இதற்கு ஈடாக, பாதுகாப்பு, காவல், துறைமுகம், தொலைத்தொடர்பு முதலியவற்றில் பிறநாடுகளுடன் கூட்டுறவு கொள்ளுமுன் ஆஸ்திரேலியாவின் இசைவைத் துவாலு பெறவேண்டும். இக்கூறு இறையாண்மையைக் குறைக்கிறது என்னும் எதிர்ப்பு துவாலுவிலேயே எழுந்தது.

முடிவுரை

நிதியத்தின் கட்டுப்பாடு பணத்தைச் செலவிடும் முறையோடு நின்றது. ஒப்பந்தத்தின் கட்டுப்பாடோ அயலுறவு முடிவெடுக்கும் உரிமையைத் தொடுகிறது. 1974இல் தன்னாட்சிக்காக வருவாயைக் கைவிட்ட மக்கள், அரை நூற்றாண்டுக்குப் பின் நாடு நிலைத்திருப்பதற்காகத் தன்னாட்சியின் ஒரு பகுதியைப் பகிர்ந்துள்ளனர். சிறுநாடுகளின் இறையாண்மையை ஆராய்வோர் உதவித்தொகையை மட்டும் அளவிடாது, ஒவ்வோர் உதவியும் எம்முடிவுரிமையைத் தொடுகிறது என்பதையும் நோக்குதல் வேண்டும்.